பன்னிரண்டாம் திகதி மழை

மேல் வீடு,
திம்புள்ள வீதி, தலவாக்கலை.
20.10.2024

ஜெரோமிக்கு,

இந்தக் கடிதம் உன் கைக்கு வந்து சேர மூன்று நாட்கள் ஆகும். என் வாசலிலிருந்து உன் வாசலுக்கு நாற்பத்தெட்டுப் படிகள்தான். இறங்கி வந்தே சொல்லியிருக்கலாம். இரண்டு தடவை இருபதாம் படி வரைக்கும் வந்தேன். கீழே உன் விருந்தாளிகள் சிரிக்கும் சத்தம் கேட்டது. திரும்பிவிட்டேன். நேரில் பேசினால் எனக்கு வாய் குழறும் என்பது உனக்குத் தெரியும். எழுதினால்தான் வார்த்தைகள் வரிசையாக வரும்.

விஷயம் இதுதான். உன் புது விடுதிக்கு மின்சாரம் கொண்டுபோவதற்காக என் நிலத்தில் ஒரு தூண் நிற்கிறது. அது நடப்படாமல் தடுக்கத்தான் நான் வழக்குப் போட்டேன். ஜூன் 11 அன்று நீதிமன்றம் தடையுத்தரவு கொடுத்தது. நில அளவை முடியும்வரை தூணும் நடக்கூடாது, கம்பியும் இழுக்கக்கூடாது. மறுநாள் 12ஆம் திகதி காலை பத்து மணிக்கு நீதிமன்றத்தின் பிஸ்கால் அதிகாரி அந்த உத்தரவை உன் கையில் கொடுத்தார். நீ கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டாய். அதே 12ஆம் திகதிதான் தூணை நட்டாய். உத்தரவைக் கையில் வாங்கிய பிறகு நட்டால் அது நீதிமன்ற அவமதிப்பு என்று என் சட்டத்தரணி சொல்கிறார். வெள்ளிக்கிழமை அவருடைய கந்தோரில் சத்தியக் கடதாசியில் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தேன்.

உன்னை மறியலில் அடைக்கவும் கூடும் என்று அவர் சொன்னார். ஆனாலும் கையெழுத்தை நான் திரும்ப வாங்கவில்லை.

பிஸ்கால்காரர் வந்து சொல்லி நீ இதைத் தெரிந்துகொள்வதற்கு முன்னால், என் கையால் எழுதியதை நீ படிக்க வேண்டும் என்று நினைத்தேன். இது மரியாதையா, கோழைத்தனமா, எனக்கே தெரியவில்லை.

ஒன்று கேட்கிறேன். உனக்குப் பாதை வந்தது, விருந்தாளிகள் வந்தார்கள், சிரிப்பு வந்தது. மின்சாரமும் என் தலைக்கு மேலால்தான் உனக்கு வரவேண்டுமா?

இப்படிக்கு,
றோலண்ட்


கீழ் வீடு
27.10.2024

அத்தான்,

உங்க கடிதாசி கெடச்சுச்சு. மேல் வீட்டுல போட்ட தபால் தலவாக்கலைக்குப் போய், முத்திரை குத்தி, மறுபடியும் மலையேறி கீழ் வீட்டுக்கு வந்திருக்கு. தபால்காரர் என்னைய ஒரு மாதிரியா பாக்குறாரு. இந்தப் பதில நான் வீடு வீடா பாண் விக்கிற ஓட்டோ சின்னராசாகிட்ட குடுத்து அனுப்புறேன். அந்தாளு எப்படியும் உங்க வாசல்ல நின்னு பாட்டுப் போடத்தான போறாரு.

உங்க மாதிரி எழுத எனக்கு வராது. நீங்க தோட்டத்துப் பெரிய கிளாக்கர். நான் எட்டாம் வகுப்போட லொறி ஏறினவன். பேசுற மாதிரியே எழுதுறேன், திருத்தாம படிங்க.

தூணு நட்டது செவ்வாக்கெழம. பதினொண்ணாந் திகதி. நீங்க கோட்டுக்குப் போயிருந்த அன்னைக்கு. பிஸ்கால்காரர் வந்தது புதன்கெழம. அவரு வரும்போது தூணு நின்னுக்கிட்டிருந்துச்சு. ஆனா அவரு கீழ்ப் பாதையால வந்தாரு, கீழ்ப் பாதையாலயே போனாரு. மேல ஏறிப் பாக்கல. நட்டவங்க எல்லாம் ஒப்பந்தக்காரரோட ஆளுங்க, எந்த ஊரோ என்னமோ. அவங்க தாளுல ‘ஜூன் 10 முதல் 14 வரை’ன்னு மொத்தமா எழுதியிருக்கு. என் வக்கீல் அந்தத் தாளப் பாத்துட்டு உதட்டப் பிதுக்குறாரு. “மற்றப் பக்கத்துல கைப்பட எழுதின கொப்பி இருக்காமே?” ன்னு கேக்குறாரு.

எனக்குத் தெரியும் அது என்ன கொப்பின்னு. அக்கா அத ‘உங்க அத்தானோட ரெண்டாம் பொண்டாட்டி’ன்னு சொல்லுவாங்க.

என்னைய உள்ள போட்டா ஞாயித்துக்கெழம சாப்பாடு கொண்டு வருவீங்களா? இல்ல அதுக்கும் தபால்தானா?

ஜெரோமி


மேல் வீடு
3.11.2024

ஜெரோமிக்கு,

சின்னராசா உன் கடிதத்தைப் பாணோடு சேர்த்துச் சுற்றிக் கொடுத்தார். வெண்ணெய்க் கறை பட்டிருக்கிறது. பரவாயில்லை.

என் கொப்பியைப் பற்றிக் கேலி செய்திருக்கிறாய். முப்பத்தாறு வருடம் தோட்டத்தில் மழையை அளந்தவன் நான். ஓய்வு பெற்ற பிறகும் முற்றத்தில் மழைமானி வைத்திருக்கிறேன். காலை ஏழு மணிக்கு மில்லிமீட்டரில் அளந்து, அன்றைய திகதியில் எழுதி, பக்கத்தில் ஒரு சொல்லோ இரண்டு சொல்லோ குறித்து வைப்பேன். ஒரு நாள்கூடத் தவறியதில்லை. உன் அக்கா தெரேசாவின் அடக்கத்தன்றும் எழுதியிருக்கிறேன். ஜூன் 12க்கு நேரே இருப்பது இது: “71. தூண்.” நான் சேர்த்ததும் இல்லை, அழித்ததும் இல்லை. மனித நினைவு தவறும். கொப்பி தவறாது. எனக்கு வேலை பழக்கிய பழைய கிளாக்கர் சொன்ன வார்த்தை அது.

நான் உன்னை வெறுப்பதாக நீ நினைக்கலாம். வெறுப்பு அல்ல. அது என்னவென்று சொல்ல எனக்கு வெட்கம். இருந்தாலும் எழுதுகிறேன்.

தெரேசா தன் பெயரில் வாங்கிய நிலம் இது. மருத்துவிச்சி வேலையில் முப்பது வருடம் தோட்டத்து லய வீடுகளில் நடந்து நடந்து அவள் சேர்த்தது. மேல் பாதியை எனக்கும் கீழ் பாதியை உனக்கும் உறுதிப் பத்திரம் எழுதினாள். அவளுடைய பேரி மரம் உன் பாதியில் இருக்கிறது. அவளுடைய படத்தை நீ உன் முன் அறையில் பெரிதாக மாட்டியிருக்கிறாய். ஓட்டோக்காரர்களிடம் “நேர்ஸம்மா வீடு” என்றால் யாரும் என்னிடம் கொண்டுவந்து விடுவதில்லை. உன்னிடம்தான் கொண்டுபோகிறார்கள். அவள் பிரசவம் பார்த்த பிள்ளைகள், இப்போது அவர்களுக்கே பிள்ளைகள் இருக்கிறார்கள், உன் தின்பண்டத் தட்டின் முன்னால் உட்கார்ந்து அவளைப் பற்றிப் பேசிவிட்டு, என் கதவைத் தட்டாமலே பஸ் ஏறுகிறார்கள். மேலே இருந்து நான் அவர்களுடைய குடைகளை எண்ணிக்கொண்டிருக்கிறேன்.

அதைவிடப் பெரியது ஒன்று உண்டு. ஆஸ்பத்திரியில் அந்தக் கடைசி நாள். “போய் தோடம்பழம் வாங்கிட்டு வாங்க” என்று அவள் என்னை அனுப்பினாள். பஸ் நிலையத்துக்குப் போய் வர முப்பத்தைந்து நிமிடம் ஆனது. திரும்பி வந்தபோது அவளுக்கு நினைவில்லை. அந்த முப்பத்தைந்து நிமிடமும் நீதான் பக்கத்தில் இருந்தாய்.

அவள் உன்னிடம் என்ன சொன்னாள்?

ஒன்றரை வருடத்துக்கு மேலாக இந்தக் கேள்வியோடு இருக்கிறேன். வழக்குக்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்று எழுதத்தான் நினைத்தேன். அது உண்மையா என்று தெரியாததால் எழுதவில்லை.

றோலண்ட்


கீழ் வீடு
15.11.2024

அத்தான்,

அக்கா என்னா சொன்னாங்கன்னு நான் சொல்ல மாட்டேன். ஒரு கையில சம்மன், இன்னொரு கையில கேள்வி. ரெண்டையும் ஒரே நேரத்துல நீட்டினா எதுக்கு நான் பதில் சொல்றது? மொதல்ல உள்ள போடுங்க. அங்கருந்து எழுதுறேன், நெறைய நேரம் இருக்கும்.

அக்கா படத்த மாட்டினது குத்தமா? உங்க வீட்டுல அவங்க படம் எங்க இருக்குன்னு எனக்குத் தெரியும். அலுமாரிக்குள்ள, துணி சுத்தி. ஈரம் பட்டுரும்னு வெச்சிருக்கீங்க. நாங்க தொங்கவிட்டோம், ஈரம் பட்டுச்சு, மூலையில ஒரு கறையும் வந்திருச்சு. ஆனா ஆளுங்க பாக்குறாங்க.

திகதிக்கு வாறேன். தூணு நட்ட அன்னைக்கு என்னா மழை தெரியுமா? மத்தியானம் ரெண்டு மணிக்குக் குழி தோண்டினாங்க. தோண்டத் தோண்டத் தண்ணி ரொம்புது. அக்காவோட அந்த நீல விளிம்பு போட்ட பேசின் இருக்கே, அதால நான்தான் குழிக்குள்ள எறங்கி எறைச்சேன். அறுபத்தியோரு வயசுல. மேஸ்திரி சிங்களத்துல கத்துறாரு, “மல்லி, இது தூண் குழியா, கிணறா?”ன்னு. மல்லியாம், தம்பியாம்! அவரவிட நான் இருவது வயசு மூத்தவன். தூண நிமுத்திக் கல்லும் மண்ணும் போட்டு இடிச்சு முடியும்போது அஞ்சு மணி. மழை நிக்கவே இல்ல. ராத்திரி பூரா கூரைய அடிச்சுச்சு.

மறுநா புதன்கெழம, கடவுளே, அப்படி ஒரு வெயில். பத்து மணிக்கு பிஸ்கால்காரர் வரும்போது நானும் என் மக நிஷாந்தியும் அறையில இருந்த மெத்தையெல்லாம் தூக்கிட்டு வந்து முத்தத்துல காயப் போட்டுக்கிட்டிருந்தோம். அவளுக்கு அன்னைக்குத்தான் சிரிப்பு வந்துச்சு, பிஸ்கால்காரருக்கு உக்கார எடம் இல்லாம மெத்தை மேல உக்காந்தாருன்னு. பிளேன்டீ குடுத்தோம். குடிச்சுட்டுத்தான் கடதாசிய நீட்டினாரு. அதுக்குப் பொறகு அந்தத் தூணுல ஒரு ஆணிகூட நான் அடிக்கல. இன்னைக்கும் ஜெனரேட்டர்லதான் ஓடுது. அந்தச் சத்தம் உங்களுக்குத் தொந்தரவுன்னு தெரியும். எனக்கும் தொந்தரவுதான்.

கொப்பி தவறாதுன்னு எழுதியிருக்கீங்க. நானும் தவறல அத்தான்.

ஜெரோமி


மேல் வீடு
24.11.2024

ஜெரோமிக்கு,

உன் கடிதம் கிடைத்தது.

மெத்தைகளை வெயிலில் போட்டது புதன்கிழமைதான் என்று எப்படி அவ்வளவு உறுதியாகச் சொல்கிறாய்? வேறு நாளாக இருக்க முடியாதா? யோசித்துப் பதில் எழுது.

றோலண்ட்


கீழ் வீடு
2.12.2024

அத்தான்,

நாலு வரிக் கடிதாசி. அதுலயும் மெத்தையப் பத்தி. நீங்க என்னா தேடுறீங்கன்னு எனக்கு விளங்கல. மெத்தை காயப் போட்டதும் கோட்டு அவமதிப்பா?

புதன்கெழமதான். பிஸ்கால்காரர் மெத்தையில உக்காந்தாருன்னு எழுதினேன்ல, அவரு வந்த திகதி உங்க கடதாசியிலயே இருக்கே. இன்னொண்ணும் சொல்றேன். அன்னைக்கு மேல பாத்தேன். உங்க கறுப்புக் குடைய விரிச்சு முத்தத்துல கவுத்து வெச்சிருந்தீங்க. கோட்டு சூட்டையும் கொடியில போட்டிருந்தீங்க. முந்தின நாள் நுவரெலியா கோட்டுக்குப் போய் நல்லா நனைஞ்சிட்டு வந்திருக்காரு மனுசன்னு நெனச்சேன். பாவமாகூட இருந்துச்சு.

வெளாட்டெல்லாம் போதும் அத்தான். ஜனவரி இருவத்தியொண்ணு விசாரணை. வக்கீல் ஒளிக்காம சொல்லிட்டாரு. “எழுத்துல இருக்கிறத நீதிபதி நம்புவாரு, உங்க வாய நம்ப மாட்டாரு.” உள்ள போனா என் சீனி வருத்தத்துக்கு மருந்து யாரு பாப்பா? நிஷாந்தி தனியா அந்த விடுதிய எப்படி நடத்துவா? பொம்பளப் புள்ள, தெரியாத ஆளுங்க வந்து போற எடம். நேத்து அவ கேட்டா, “பெரியப்பாவுக்கு நம்ம மேல என்னாப்பா கோபம்?”னு. மாமான்னு கூப்புடச் சொல்லி எத்தன தடவ சொல்லியும் அவளுக்கு நீங்க பெரியப்பாதான். அக்காவத்தான் அம்மாவா நெனச்சு வளந்தவ, அவ கணக்கு அவளுக்கு.

அதுக்குப் பதில் உங்களுக்குத் தெரிஞ்சா எழுதுங்க.

ஜெரோமி


மேல் வீடு
5.1.2025

ஜெரோமிக்கு,

ஒரு மாதத்துக்கு மேல் பதில் எழுதவில்லை. நத்தார்ப் பண்டிகையன்று நிஷாந்தி படியேறி வந்து கேக் வைத்துவிட்டுப் போனாள். நான் கதவைத் திறக்கவில்லை. உள்ளேதான் இருந்தேன். அவள் முகத்தைப் பார்க்க முடியாத காரணத்தை இப்போது எழுதுகிறேன். மெதுவாகப் படி. நான் ஒழுங்காகச் சொல்ல முயற்சி செய்கிறேன்.

மழையைக் காலை ஏழு மணிக்கு அளப்பேன் என்று எழுதியிருந்தேன். ஏழு மணிக்கு மழைமானியில் இருக்கும் தண்ணீர் எப்போது பெய்தது? முந்தின நாள் காலை ஏழு மணி தொடங்கிப் பெய்தது. ஆனால் எங்கள் தோட்டத்து வழக்கப்படி, அளந்த நாளின் திகதியில்தான் அதை எழுதுவோம். முப்பத்தாறு வருடம் அப்படித்தான் எழுதினேன். பக்கத்தில் குறிக்கும் விஷயங்களும் அதே மாதிரிதான். கண்காணி காலில் வெட்டுப்பட்டது, கொழுந்து லொறி புரண்டது என்று முந்தின நாள் நடந்ததை மறுநாள் காலையில், மறுநாள் திகதியில் எழுதுவேன். என் கொப்பியில் நேற்று என்பதே கிடையாது. எல்லாம் இன்றுதான்.

ஜூன் 12க்கு நேரே 71 என்று இருக்கிறது. அது 11ஆம் திகதி பகலிலும் இரவிலும் பெய்த மழை. அடுத்த வரியைப் பார்த்தேன். ஜூன் 13: “மழை இல்லை.” அதாவது 12ஆம் திகதி ஏழு மணிக்குப் பிறகு ஒரு துளியும் விழவில்லை. நீ குழிக்குள் இறங்கி, தெரேசாவின் பேசினைக் கொண்டு தண்ணீர் இறைத்தது 12ஆம் திகதியாக இருக்கவே முடியாது. இறைப்பதற்குத் தண்ணீர் எங்கே? தூண் 11ஆம் திகதி நடப்பட்டது. நான் கோட்டிலிருந்து நனைந்து, இருட்டில் மேல் பாதையால் வந்து, எதையும் பார்க்காமல் படுத்துவிட்டேன். மறுநாள் ஏழு மணிக்கு மழைமானியிடம் போனபோதுதான் அது நின்றது. எழுதினேன்: “71. தூண்.” பிஸ்கால்காரர் வருவதற்கு அப்போது இன்னும் மூன்று மணி நேரம் இருந்தது.

நீ சொன்னது முழுக்க உண்மை. என் சத்தியக் கடதாசி பொய்.

இத்துடன் நிறுத்தினால் இது வெறும் பிழை. கிளாக்கர் செய்த பிழை. ஆனால் இத்துடன் நிற்கவில்லை.

உன் நவம்பர் 15 கடிதத்தில் மழையையும் வெயிலையும் படித்த அதே மாலையில் கொப்பியை எடுத்தேன். ஐந்து நிமிடத்தில் எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. அதற்குப் பிறகுதான் அந்த நான்கு வரிக் கடிதத்தை எழுதினேன். நீ தடுமாற வேண்டும், “இல்லை, வியாழக்கிழமையோ என்னவோ” என்று எழுத வேண்டும் என்று ஆசைப்பட்டேன். நீ என் குடையைக் காட்டினாய். அதற்குப் பிறகும் ஐந்து வாரம் பேசாமல் இருந்தேன். ஜெனரேட்டர் சத்தம் கேட்கும்போதெல்லாம், இது நிற்கப் போகிறது என்று நினைத்துக்கொண்டேன். ஓட்டோக்காரர்கள் யாரையும் கீழே கொண்டுபோக மாட்டார்கள் என்று நினைத்தேன். தெரேசாவைப் பற்றிப் பேச வருபவர்கள் இனி என் கதவைத்தான் தட்ட வேண்டும் என்று நினைத்தேன். எழுபத்து மூன்று வயதில் ஒரு மனிதன் நினைக்கக்கூடாத நினைப்பு. நினைத்தேன்.

இன்னும் ஒன்று. அக்டோபரில் சட்டத்தரணி என்னிடம், “பிஸ்கால் வருவதற்கு முன்னமே தூண் இருந்ததா?” என்று கேட்டார். “காலையில் போகும்போது தூண் இல்லை, ஐயா,” என்றேன். அது 11ஆம் திகதி காலை, நான் கோட்டுக்குப் போன காலை. எந்தக் காலை என்று அவர் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை. அந்த நேரத்தில் எனக்கே அது தெரியுமா, தெரியாதா? பல தடவை என்னையே விசாரித்துப் பார்த்துவிட்டேன். சாட்சி சரியாகப் பதில் சொல்ல மாட்டேன் என்கிறான்.

21ஆம் திகதி நான் கூண்டில் ஏறி இதைச் சொல்வேன். சட்டத்தரணியிடம் நேற்றுச் சொன்னேன். கோபப்பட்டார். “பொய்ச் சத்தியம் என்று உங்களையே பிடிக்கலாம், தெரியுமா?” என்றார். தெரியும் என்றேன்.

தெரேசா சொன்னதை நீ எனக்குச் சொல்ல வேண்டியதில்லை. இதற்குப் பதிலாக அதைக் கேட்பதாக நீ நினைத்துவிடக் கூடாது.

நிஷாந்தியின் கேள்விக்குப் பதில்: கோபம் இல்லை, பொறாமை. அவளிடம் சொல்வதா வேண்டாமா என்பதை நீயே முடிவு செய்.

றோலண்ட்


கீழ் வீடு
23.1.2025

அத்தான்,

முந்தாநாள் கோட்டுல உங்ககிட்ட நான் பேசல. பஸ்ஸுல நீங்க முன் சீட்டு, நான் பின் சீட்டு. பேச வாய் தெறந்தா என்னா வருமோன்னு பயந்தேன். உங்க கடிதாசிய வாசிச்ச அன்னைக்கு நெசமா உங்க வாசலுக்கு வந்து கத்தணும்னு நாப்பது படி ஏறினேன். அஞ்சு வாரம்! நான் அஞ்சு வாரம் தூங்கல அத்தான். மிச்சம் எட்டுப் படி ஏறாம எறங்கினது எதனாலன்னு கேட்டா, நீங்க சொல்லாம இருந்திருந்தா யாருக்குமே தெரிஞ்சிருக்காது. எனக்கும்தான்.

இப்ப கோபம் பாதி கொறைஞ்சிருக்கு. அதுக்குக் காரணம் நீங்க கூண்டுல நின்ன லட்சணம். மழைக் கொப்பிய ஷொப்பிங் பேக்குல சுத்தி நெஞ்சோட அணைச்சுக்கிட்டு, பொறந்த புள்ளய ஏந்துன மாதிரி. நீதிபதி சிங்களத்துல கேக்குறாரு, மொழிபெயர்ப்பாளர் தமிழ்ல சொல்றாரு, உங்களுக்கு ரெண்டு பாஷையும் தெரிஞ்சும் ரெண்டு தடவையும் முழிக்கிறீங்க. கடைசியா, “நான் எழுதின திகதி சரி. நான் சொன்ன நாள் பிழை. பிழைன்னு தெரிஞ்ச பிறகும் ஐந்து வாரத்துக்கு மேல் சொல்லவில்லை. அதுவும் பிழை”ன்னு சொன்னீங்க. அந்த ஐந்து வாரத்த யாரும் உங்ககிட்ட கேக்கல. உங்க வக்கீல் தலையில கைய வெச்சுக்கிட்டாரு.

நீதிபதி கொப்பிய வாங்கிப் பத்து நிமிசம் பொரட்டினாரு. பொறகு கண்ணாடிய கழட்டிட்டு, “இவ்வளவு கவனமா எழுதுற ஆள், இவ்வளவு கவனமில்லாம சத்தியம் பண்ணலாமா?”ன்னாரு. அவமதிப்பு வழக்கத் தள்ளிட்டு உங்களக் கடுமையா எச்சரிச்சு விட்டாரு. நீங்க எறங்கும்போது கால் தடுக்குச்சு. புடிக்க எந்திரிச்சேன். அதுக்குள்ள நீங்களே சமாளிச்சுட்டீங்க.

சரி. நீங்க கேக்கலைன்னாலும் சொல்றேன்.

நீங்க தோடம்பழம் வாங்கப் போனதும் அக்கா என் கையப் புடிச்சுக்கிட்டு அழுதாங்க. வேற ஒண்ணும் இல்ல. அழுதாங்க. நான் பாத்ததே இல்ல அப்படி. “என்னாக்கா?”ன்னு கேட்டதுக்கு, “இந்தாளு முன்னாடி அழுதா இந்தாளு தாங்க மாட்டாருடா. அதான் அனுப்பினேன்”னாங்க. கொஞ்ச நேரத்துல, “தண்ணி தொட்டு மூஞ்சியத் தொடச்சு விடு. வந்திருவாரு. பாக்குறப்ப நல்லா இருக்கணும்”னாங்க. தொடச்சு விட்டேன். சீப்பு கேட்டாங்க. தலைய வாரும்போதே கண்ணு மேல போயிருச்சு.

அவ்வளவுதான் அத்தான். நீங்க நெனச்ச மாதிரி எனக்கு ரகசியமா ஒண்ணும் சொல்லல. கடைசிப் பேச்சு பூரா உங்களப் பத்தித்தான்.

ஏன் சொல்லாம இருந்தேன்னு கேப்பீங்க. எனக்கும் அதே வியாதிதான். அழுகை வந்தப்ப நான் வேணும். மூஞ்சி நல்லா இருக்க வேண்டியது உங்களுக்கு. தாய் மாதிரி வளத்தவங்க, கடைசி நிமிசத்துல என் கையாலயே தலைவாரி உங்களுக்காகத் தயாரானாங்க. அத எப்படி உங்ககிட்ட குடுப்பேன்? நானே வெச்சுக்கிட்டேன்.

அடுத்த மாசம் எட்டாந் திகதி அக்காவுக்கு ரெண்டாம் வருசப் பூசை. பூசை முடிஞ்சு சாப்பாடு கீழ் வீட்டுல. வாறதுன்னா வாங்க. தபால்ல பதில் போட வேணாம், படியெறங்கி வந்து சொல்லுங்க.

ஜெரோமி


மேல் வீடு
9.2.2025

ஜெரோமிக்கு,

நேற்றுத்தான் நேரில் பார்த்தோம், பேசினோம். ஆனாலும் எழுதுகிறேன். நேரில் சொல்ல நினைத்ததில் ஒன்றையும் நான் சொல்லவில்லை. சோற்றைப் பற்றியும் உன் சீனி வருத்தத்தைப் பற்றியும்தான் பேசினேன்.

உன் கடிதத்தை நான்கு தடவை படித்தேன். முதல் தடவை சந்தோஷம். இரண்டாம் தடவை உன்மேல் முன்பைவிட அதிகமான பொறாமை. முப்பத்தொன்பது வருடத்தில் அவள் என் முன்னால் அழுததே இல்லை. அது அவளுடைய சுபாவம் என்று நினைத்திருந்தேன். என்னுடைய சுபாவத்துக்காக அவள் செய்த வேலை அது என்று இப்போது தெரிகிறது. ஒரு தடவையாவது நான் தாங்கியிருப்பேன் என்று அவள் நம்பியிருக்கலாம். நம்பாததில் பிழை இல்லை. மூன்றாம் தடவையும் நான்காம் தடவையும் படித்ததைப் பற்றி எழுத எனக்கு வரவில்லை.

அன்று திரும்பி வந்தபோது அவள் தலை வாரியிருந்ததை நான் கவனித்தேன். யார் வாரியது என்று நான் கேட்கவே இல்லை. வகிடு சற்றுக் கோணலாக இருந்தது. லொறி ஓட்டியவன் கை.

அவளுடைய படத்தின் மூலையில் இருக்கும் கறையை நேற்றுப் பார்த்தேன். என் அலுமாரியில் இருப்பதைத் துணியிலிருந்து எடுத்து மாட்டியிருக்கிறேன். ஆணி அடிக்கத் தெரியாமல் சுவரில் மூன்று ஓட்டை. நேற்றுச் சாப்பாட்டுக்கு வந்திருந்த காளியாயி, தெரேசா கடைசியாகப் பிரசவம் பார்த்த பிள்ளையின் தாய், இன்று காலை படியேறி வந்து தேநீர் குடித்துவிட்டுப் போனாள். நீ அனுப்பினாயா என்று கேட்கவில்லை. கேட்டால் அவள் ஆமென்று சொல்லிவிடுவாளோ என்று பயம்.

வழக்கு விஷயம். அவமதிப்பு வழக்குத்தான் முடிந்தது. நில வழக்கை நான் விடவில்லை. தூண் என் பக்கம் மூன்றடி உள்ளே நிற்கிறது, நீ என்ன சொன்னாலும் சரி. மார்ச்சில் நில அளவையாளர் வருவார். அதற்கிடையில் கம்பி இழுக்க எனக்கு ஆட்சேபம் இல்லை என்று எழுதி, சட்டத்தரணியிடம் கொடுத்து நீதிமன்றத்தில் போடச் சொல்லியிருக்கிறேன். உன் ஜெனரேட்டர் சத்தத்தை இனி என்னால் சகிக்க முடியாது. காரணம் அது மட்டும்தான் என்று வைத்துக்கொள்.

நிஷாந்தி என்னைப் பெரியப்பா என்றே கூப்பிடட்டும். திருத்தாதே.

இன்று காலை ஏழு மணிக்கு வழக்கம்போல் அளந்தேன். கொப்பியில் எழுதும்போது முப்பத்தாறு வருடத் தோட்ட வழக்கத்தை மீறி, ஒரு சொல் கூடுதலாகச் சேர்த்தேன். கோடு போட்ட இடத்தில் அது அடங்கவில்லை, ஓரத்தில் எழுத வேண்டியிருந்தது. நீ பார்த்துவிட்டுச் சிரிப்பாய். பரவாயில்லை, அந்த வரியை இங்கேயும் எழுதுகிறேன்:

“9.2.2025. மழை இல்லை. ஜெரோமி வீட்டில் சாப்பிட்டேன். நேற்று.”

அத்தான்,
றோலண்ட்